சுங்கத்துறை கைப்பற்றிய சரக்கை இடைக்காலமாக விடுவிப்பது எப்படி?

பில் ஆஃப் என்ட்ரி (இறக்குமதிச் சரக்குக்குச் சுங்கத்தில் தாக்கல் செய்யும் படிவம்), சுங்க முகவர் எல்லாம் பழக்கமானவர்களுக்காக எழுதுகிறேன். குறைந்த மதிப்புக் காட்டியதாக என் சரக்கைப் பிடித்தபோது நான் போன வழி இது.

படி 1: சரக்கு நிறுத்திவைக்கப்பட்டிருக்கிறதா, கைப்பற்றப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். 1962ஆம் ஆண்டு சுங்கச் சட்டத்தின் 110ஆம் பிரிவில் கைப்பற்றியதற்கான உத்தரவும் மகஜர் (சாட்சிகள் முன் எழுதிய கைப்பற்றல் பதிவு) நகலும் இருந்தால்தான் 110ஏ பிரிவில் இடைக்கால விடுவிப்புக் கோரலாம். "விசாரணை நடக்கிறது" என்று வாயால் மட்டும் சொன்னால், எழுத்தில் தரச் சொல்லுங்கள்.

படி 2: தடைசெய்யப்பட்ட பொருள், பிற சட்டங்களின் கட்டாய நிபந்தனையை நிறைவேற்றாத பொருள், தங்கம் போன்று 123ஆம் பிரிவில் வருபவை ஆகியவற்றை விடுவிக்கக் கூடாது என்கிறது சுங்கத்துறையின் 35/2017 சுற்றறிக்கை. மதிப்பிலோ வரி வகைப்பாட்டிலோ மட்டும் தகராறு என்றால் தயங்காமல் மனுப் போடுங்கள்.

படி 3: மனு. பலரும் தடுமாறுவது இங்கேதான். சரக்கைப் பிடித்த புலனாய்வுப் பிரிவுக்கு எழுதிவிட்டுக் காத்திருந்தால் கடிதம் அங்கேயே தூங்கும். விடுவிக்கும் அதிகாரம் வழக்கைத் தீர்க்கும் அதிகாரியிடம் இருக்கிறது. மனு அவருக்கு, நகல் புலனாய்வுப் பிரிவுக்கு.

"விடுவித்தால் போதும்" என்று ஒரு வரியில் முடித்துவிடாதீர்கள். சரக்கின் முழு மதிப்புக்குப் பிணைப்பத்திரம் (பின்னால் கேட்டால் தொகையைக் கட்டுவேன் என்ற எழுத்து உறுதி) எப்படியும் கேட்பார்கள். அதில் பணம் முடங்காது. முடங்குவது வங்கி உத்தரவாதத்தில்தான். வரி வித்தியாசம், பின்னால் விதிக்கப்படக்கூடிய மீட்பு அபராதம் (பறிமுதலான சரக்கை மீட்கக் கட்டுவது), தண்டத்தொகை என மூன்றையும் சேர்த்து அதைக் கணக்கிடுவார்கள். வரி வித்தியாசத்துக்கு நீங்களே ஓர் அட்டவணை போட்டு இணையுங்கள். மீட்பு அபராதத்துக்கு 125ஆம் பிரிவே ஓர் உச்சவரம்பு வைத்திருக்கிறது: சந்தை விலையிலிருந்து வரியைக் கழித்து வரும் தொகையை அது தாண்டக் கூடாது. இதை மனுவிலேயே சுட்டிக்காட்டுங்கள். உத்தரவு வந்த பிறகு தொகையைக் குறைப்பது பெரும்பாடு. அவர்கள் நிர்ணயித்த மதிப்பில் வரி கட்ட நேர்ந்தால், "இறுதி முடிவுக்குப் பாதகமின்றி, ஆட்சேபத்துடன்" என்ற சொற்கள் கடிதத்தில் கட்டாயம் இருக்கட்டும்.

படி 4: உத்தரவு வந்ததும் பிணைப்பத்திரம், உத்தரவாதம், வரி, பிறகு சரக்கு. ரொக்க வைப்பைவிட வங்கி உத்தரவாதமே மேல் என்பேன். ரொக்கத்தைத் திரும்பப் பெறத் தனியாக அலைய வேண்டும். உத்தரவாதம் தானாகப் புதுப்பிக்கப்படும் என்ற வாசகம் இல்லையென்றால் அந்த உத்தரவாதத்தை ஏற்காமல் திருப்பி அனுப்புவார்கள். வரைவை முதலில் சுங்க அலுவலகத்தில் காட்டிவிட்டு வங்கிக்குப் போங்கள்.

நிபந்தனை தாங்க முடியாததா? ஆணையர் பிறப்பித்த உத்தரவென்றால் செஸ்டாட் (சுங்கம், கலால், சேவை வரி மேல்முறையீட்டு) தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்யலாம்.

பின்னர் சேர்த்தது: ஆறு மாதம் பொறுத்தால் சரக்கு தானாக வந்துவிடாதா என்று சிலர் கேட்டிருந்தார்கள். அந்தக் காலத்துக்குள் விளக்கம் கேட்டு நோட்டீஸ் வராவிட்டால் திருப்பித் தர வேண்டும் என்பது சட்டம்தான். ஆனால் ஆணையர் மேலும் ஆறு மாதம் நீட்டிக்கலாம். 2018 திருத்தத்துக்குப் பிறகு, இடைக்கால விடுவிப்பு உத்தரவு பிறந்த சரக்குக்கு அந்தக் கெடுவே பொருந்தாது. கெடு முடியச் சில நாட்களே இருந்தால் வழக்கறிஞரைக் கேட்ட பிறகு மனுப் போடுங்கள்.

கிடங்கு வாடகை பற்றியும் கேள்விகள் வந்தன. கைப்பற்றிய சரக்குக்கு வாடகையோ டெமரேஜோ (தாமதக் கட்டணம்) வாங்கக் கூடாது என்கின்றன 2009ஆம் ஆண்டுச் சரக்குக் கையாளுதல் விதிமுறைகள். அதற்கான சான்றிதழைச் சுங்கத்துறையிடம் மனுவோடு சேர்த்தே கேளுங்கள். கப்பல் நிறுவனத்தின் கன்டெய்னர் கட்டணத்துக்குத் தனிக் கடிதம் வேண்டும்.