மலையில் பூர்வீக நிலம்: மனு கிடப்பில் கிடந்தால்

கோத்தகிரியிலோ கொடைக்கானலிலோ இன்னும் தாத்தாவின் பெயரிலேயே இருக்கும் நிலத்துக்கு மூன்று வார விடுமுறைக்குள் பட்டா மாறுதல் வாங்கிவிடலாம் என்று நம்பி வெளிநாட்டிலிருந்து வருவோர் ஒன்றைத் தெரிந்துகொண்டு புறப்படுவது நல்லது. தாலுகா அலுவலகத்தில் கொடுத்த மனு மாதக்கணக்கில் பதிலின்றிக் கிடந்தால் உயர் நீதிமன்றத்தை நாடலாம். ஆனால் அங்கே பெரும்பாலும் கிடைப்பது பட்டா அன்று, மனுவின் மீது குறித்த காலத்துக்குள் முடிவெடுக்குமாறு வட்டாட்சியருக்கு இடப்படும் உத்தரவுதான்.

அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின்படி தொடுக்கும் இந்த ரிட் மனுவுக்கு வெளிநாட்டுக் குடியுரிமை தடையாகாது. நீலகிரி நிலத்துக்குச் சென்னையிலும், திண்டுக்கல் மாவட்டத்தைச் சேர்ந்த கொடைக்கானல் நிலத்துக்கு 2004இல் தொடங்கிய மதுரைக் கிளையிலும் வழக்குத் தொடுக்க வேண்டும். தாலுகா அலுவலகத்தில் மனு கொடுத்தீர்களா, எப்போது கொடுத்தீர்கள் என்பதே அங்கு எழும் முதல் கேள்வி. ஆகவே இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று ஆகியவற்றை இணைத்து இ-சேவை மையம் வழியாக மனுச் செய்து, ஒப்புகைச் சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். வாய்மொழியாகக் கேட்டுவிட்டு வந்த பத்து நடைக்கும் நீதிமன்றத்தில் மதிப்பில்லை.

ஊரில் இருக்கும் உறவினருக்குப் பொது அதிகாரப் பத்திரம் கொடுப்பதானால், அதை இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்று அனுப்பி, இந்தியாவுக்கு வந்து சேர்ந்த மூன்று மாதங்களுக்குள் முத்திரைத் தீர்வை செலுத்தச் சொல்லுங்கள்.

உத்தரவில் 8 வாரம், 12 வாரம் என்று கெடு குறித்திருப்பார்கள். அந்தக் கெடு வழக்கமாக உத்தரவு நகல் அலுவலருக்குக் கிடைத்த நாளிலிருந்துதான் எண்ணப்படும் என்பதைக் கவனிக்காமல், வழக்கு முடிந்ததென்று விமானம் ஏறிவிடுகிறவர்கள் உண்டு. சான்றிட்ட நகலை வாங்கி, நீங்களோ உங்கள் முகவரோ நேரில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கான முத்திரையும் தேதியும் வாங்க வேண்டும். பிறகு வட்டாட்சியரின் விசாரணைக்கு அழைப்பு வரும், பங்காளிகளுக்கும் போகும். அன்று மலையேறுவதற்கு, வெளியூர் வண்டியானால், 2024 மே 7 முதல் நடைமுறையில் உள்ள இ-பாஸ் தேவைப்படும். அதுவும் ஒரு நீதிமன்ற உத்தரவின் விளைவே.

கூடலூர், பந்தலூர் வட்டங்களில் 1969ஆம் ஆண்டின் ஜென்ம நில (பரம்பரைப் பெருநிலவுடைமை) ஒழிப்புச் சட்டத்தின் 17ஆவது பிரிவில், அதாவது தோட்டக் குத்தகை நிலம் பற்றிய பிரிவில், சிக்கிய நிலம் என்றால் கதை வேறு. அது தாலுகா அலுவலகத்தில் முடிகிற காரியம் அன்று. அங்கே கெடு வாங்குவதற்குச் செலவழிக்குமுன் அனுபவமுள்ள வழக்கறிஞரைக் கேளுங்கள்.

வட்டாட்சியர் மனுவைத் தள்ளுபடி செய்தாலும் அது முடிவுதான், உத்தரவு நிறைவேறியதாகிவிடும். கோத்தகிரி நிலமானால் குன்னூர் வருவாய்க் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யலாம். கெடு கடந்தும் எந்த முடிவும் வராவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு உண்டு. அதை ஓராண்டுக்குள் தாக்கல் செய்துவிட வேண்டும் என்பதால், அடுத்த விடுமுறை வரட்டும் என்று காத்திருக்காமல் இங்குள்ள வழக்கறிஞரிடம் தேதியைச் சொல்லி வைத்துவிட்டுக் கிளம்புங்கள்.