தென் துருவப் போட்டி: பயணத் திட்டம் போடுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தென் துருவத்தில் முதலில் கால் வைத்தவர் நார்வேயின் ரோல்ட் அமுண்ட்சென், 1911 டிசம்பர் 14 அன்று. இங்கிலாந்தின் ராபர்ட் ஸ்காட் 1912 ஜனவரி 17-இல் போய்ச் சேர்ந்தார். திரும்பும் வழியில் அவரும் கூடப்போன நான்கு பேரும் இறந்துபோனார்கள். ஜெயித்தவர் தவறே செய்யவில்லை என்று நினைத்துவிட வேண்டாம். எனக்கு முக்கியமாகப் படுவதே அவர் செய்த தவறுதான்.

எதிராளியைப் பார்த்துக் கிளம்பும் நாளைக் குறித்தார் அமுண்ட்சென். ஸ்காட்டின் மோட்டார் சறுக்குவண்டிகள் முந்திவிடுமோ என்ற பயத்தில் செப்டம்பர் 8-ஆம் தேதியே புறப்பட்டார். மைனஸ் 50 டிகிரிக்கும் கீழே குளிர் இறங்கியது. நாய்கள் செத்தன, சிலருக்குக் குதிகால் உறைந்துபோனது. பாதியில் திரும்பி, அக்டோபரில்தான் மறுபடி கிளம்ப முடிந்தது. அவர் பயந்த வண்டிகளோ, ஒன்று கப்பலிலிருந்து இறக்கும்போதே கடலில் மூழ்கியது, மற்ற இரண்டும் பயணத்தின் தொடக்கத்திலேயே பழுதாகி நின்றன.

ஸ்காட்டின் தவறு வேறு வகை: கணக்கில் மிச்சமே வைக்கவில்லை. நான்கு பேர் என்று உணவைப் பிரித்துக் கட்டிவிட்டு, கடைசி நேரத்தில் ஐந்து பேரைத் துருவத்துக்கு அழைத்துப் போனார். மண்ணெண்ணெய் டின்களின் மூடியில் இருந்த தோல் வளையம் குளிரில் கெட்டு, எண்ணெய் குறைந்துபோனது. அமுண்ட்சென் தன் டின்களை ஈயப்பற்று வைத்து அடைத்திருந்தார். சின்ன வேலைதான், ஆனால் பனியை உருக்கினால்தான் அங்கே குடிக்கத் தண்ணீர்.

எனக்கு மனசு ஆறாதது கிடங்கு விஷயம். துருவத்திலிருந்து திரும்பும்போது எடுத்துக்கொள்ள, பெரிய உணவுக் கிடங்கை 80 டிகிரி தென் அட்சரேகையில் வைப்பதாக ஸ்காட்டின் ஏற்பாடு. மட்டக்குதிரைகள் தளர்ந்துபோனதால் சுமார் 57 கிலோமீட்டர் முன்னதாகவே ஸ்காட் சரக்கை இறக்கிவிட்டார். குதிரைகளைக் கொன்றாவது முன்னே போகலாம் என்று குதிரைகளைக் கவனித்துவந்த ஓட்ஸ் சொல்லிப் பார்த்தார், ஸ்காட் கேட்கவில்லை. அடுத்த ஆண்டு அவர்களின் கடைசிக் கூடாரம் நின்றது அந்தக் கிடங்குக்கு சுமார் 20 கிலோமீட்டர் தொலைவில். நினைத்த இடத்தில் வைத்திருந்தால் அதற்கு முன்பே அதை எட்டியிருப்பார்கள்.

கிடங்கு வைத்தால் மட்டும் போதாது, பனிப்புயலில் அது கண்ணில் படவும் வேண்டும். அமுண்ட்சென் 80 டிகிரியில் வைத்த கிடங்குக்கு இருபுறமும் பாதைக்குக் குறுக்கே பத்துப் பத்துக் கொடிகள் நட்டார், 900 மீட்டருக்கு ஒன்றாக. ஒவ்வொன்றிலும் எண் இருந்தது. வழி விலகி வந்தாலும் ஒரு கொடி கிடைத்தால் போதும், கிடங்கு எந்தப் பக்கம், எவ்வளவு தூரம் என்று தெரிந்துவிடும்.