மாயக்கல்லைக் கதையில் வைக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

கற்பனை உலகம் ஒன்றை உருவாக்கி எழுதுகிறவர்கள் எப்படியும் ஒரு கட்டத்தில் பூமியைத் தோண்டி ஒரு கல்லை எடுத்துவிடுகிறார்கள். நீலமாக ஒளிரும், சக்தி கொடுக்கும், ஆபத்தானது. எனக்கு மிகவும் பிடித்த யோசனை இது, அதனால்தான் அந்தக் கல் பல கதைகளில் வெறும் அலங்காரமாக நின்றுபோவதைப் பார்த்தால் ஆதங்கமாக இருக்கிறது. நிஜமான கனிமங்கள் மனிதர்களை எப்படிக் கொன்றன என்று கொஞ்சம் படித்தாலே போதும், கல்லுக்கு உயிர் வந்துவிடும்.

எல்லாரும் செய்கிற பெரிய தவறு, தொட்டவுடன் சாவு. தொட்டதுமே ஆள் சாம்பலாகிறான் என்றால் மறுநாளே அந்த மலைப்பக்கம் யாரும் போகமாட்டார்கள், அத்தோடு கதையும் போச்சு. நிஜத்தில் நடப்பது வேறு: முதலில் பயன் தெரிகிறது, அப்புறம் காசு வருகிறது, சாவு எல்லாவற்றுக்கும் பின்னால் மெதுவாக வந்து சேர்கிறது. ரேடியம் என்ற கதிரியக்க உலோகத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கியூரி தம்பதி 1898-இல் அதைக் கண்டுபிடித்தார்கள். இருபது ஆண்டுகளுக்குள் அமெரிக்கத் தொழிற்சாலைகளில் இளம்பெண்கள் கடிகார முகப்பு எண்களுக்கு ரேடியம் கலந்த ஒளிரும் சாயத்தைத் தீட்டிக்கொண்டிருந்தார்கள். முனை கூராக இருந்தால்தான் எண் சுத்தமாக விழும் என்று தூரிகையை உதட்டில் வைத்துக் குவிக்கச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள், அவர்களும் நாள் முழுக்க அப்படியே செய்தார்கள், ஒவ்வொரு முறையும் துளித்துளியாக உள்ளே போனது. உடம்பு அதைக் கால்சியம் போலவே நடத்தி எலும்பில் சேர்த்துவைத்தது. சில ஆண்டுகளில் பல் விழுந்தது, தாடை எலும்பு அரித்துப்போனது. உதடு, தூரிகை, எண் என்ற அந்தச் சின்ன அசைவில் இருக்கிற பயம் எந்த நீல வெடிப்பிலும் இல்லை.

அடுத்தது, பார்த்தாலே ஆபத்து தெரிகிற மாதிரி கல்லைப் படைப்பது. கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) பார்க்கச் சாதாரண நார்தான், துணியாகக்கூட நெய்யலாம், தீப்பிடிக்காது. அதன் தூசியை மூச்சில் இழுத்தால் வரும் நோய் வெளியே தெரியப் பல பத்தாண்டுகள் ஆகும். வேலைக்குப் போன கணவரின் உடுப்பைத் துவைத்ததாலேயே நோய் வந்த மனைவிகள் உண்டு. உங்கள் கல்லின் தூசி யார் வீட்டுக்கு, எதில் ஒட்டிக்கொண்டு போகிறது என்று யோசித்துப் பாருங்கள்.

சரி, அதைத் தோண்டுவது யார்? இந்தக் கேள்வியே பல கதைகளில் எழுவதில்லை. கல் அரசனின் கருவூலத்தில் தானாக வந்து உட்கார்ந்திருக்கும். பெரு நாட்டில் வான்காவெலிக்கா என்ற ஊரில் பாதரசச் சுரங்கம் இருந்தது. பொட்டோசி மலையின் வெள்ளியைப் பிரித்தெடுக்கப் பாதரசம் வேண்டும், அதற்காக ஸ்பானிய ஆட்சி சுற்றுவட்டார ஆண்டிஸ் கிராமங்களிலிருந்து முறைவைத்து ஆட்களைக் கட்டாயமாக இழுத்துவந்தது. சாவுச் சுரங்கம் என்றே அதற்குப் பெயர். ஐரோப்பாவின் கார்ப்பேத்திய மலைச் சுரங்கங்களைப் பற்றி அக்ரிகோலா என்ற ஜெர்மானிய அறிஞர் 1556-இல் வெளிவந்த தன் சுரங்கவியல் நூலில் சொல்கிற ஒரு வரி போதும்: அங்கே ஏழு பேரை மணந்து, ஏழு பேரையும் நுரையீரல் நோய்க்குப் பறிகொடுத்த பெண்கள் இருந்தார்களாம். ஒரு முழு நாவலுக்கான ஊர் அந்த வரிக்குள் இருக்கிறது.

இதையெல்லாம் வைத்து ஒரு கனிமம் செய்து பார்ப்போம். இருட்டுப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள், சாம்பல் நிறம், நக்கினால் லேசான கசப்பு. ஒரு சிட்டிகை நாக்கில் வைத்தால் ஒரு இரவு முழுக்க இருட்டில் கண் தெரியும். காவல்காரன், திருடன், படைத்தளபதி எல்லாருக்கும் அது வேண்டும். சுரங்கத்து ஆட்களுக்கோ மூச்சோடு தினமும் உள்ளே போகிறது. முதலில் வெயிலில் கண் கூசும், வருஷங்கள் போகப்போகப் பகலில் கண்ணைத் திறக்கவே முடியாது. அப்புறம் அவர்கள் சுரங்கத்தை விட்டு வெளியே வரமுடியாது, முதலாளிக்குக் காவல் போடும் செலவும் மிச்சம். ஆபத்தும் ஆசையும் ஒரே குணத்திலிருந்து வருகின்றன பாருங்கள், அதுதான் முக்கியம். சக்தி ஒன்று, அதற்குச் சம்பந்தமில்லாத சாபம் இன்னொன்று என்று தனித்தனியாக ஒட்டவைத்தால் ஒட்டு தெரியும்.

நாயகனுக்கு மட்டும் ஒன்றும் ஆகாது என்று எழுதாதீர்கள். பரம்பரை ரத்தம் என்ற காரணமும் வேண்டாம். எவ்வளவு போனால் என்ன ஆகும் என்று முதலிலேயே முடிவு செய்துவிட்டு, கடைசி அத்தியாயம் வரை அதை மாற்றாமல் இருங்கள்.

விஷமுறிவு விஷயத்திலும் அவசரம் கூடாது. ஒரு மூலிகையைக் கசக்கி ஊற்றியதும் எழுந்து உட்கார்வதில் சுவாரசியம் இல்லை. சித்த மருத்துவ மரபு 64 பாஷாணங்களை, அதாவது நச்சுப் பொருள்களை, பட்டியல் போட்டு, அவற்றின் நச்சைக் குறைக்கச் சுத்தி (சுத்திகரிப்பு) செய்யும் முறைகளையும் முறிவுகளையும் விரிவாகப் பேசுகிறது. மருந்தாக எதையும் வீட்டில் முயன்று பார்க்கச் சொல்லவில்லை, கதைக்கான வளம் அங்கே கொட்டிக்கிடக்கிறது என்கிறேன். சுத்தி செய்யத் தெரிந்த ஒருவர், அந்த வேலைக்கு அவர் கேட்கிற கூலி, பாதியில் நின்றுபோன சுத்தி என்று எத்தனையோ முடிச்சுகள் போடலாம்.

கடைசியாக ஒன்று: கல்லின் வரலாற்றை ஒரு கிழவர் உட்கார்ந்து மூன்று பக்கம் சொல்லவேண்டியதில்லை. பகலில் வாசலுக்கு வர மறுக்கிற அப்பாவுக்கு மகள் இருட்டறையில் சோறு கொண்டுபோய் வைக்கட்டும், காரணம் நாலு அத்தியாயம் கழித்துத் தெரிந்தால் போதும்.