அப்பளப் பெட்டிக்குள் இருந்த சிடிகளும் புது விண்டோஸும்

போன மே மாதம் அண்ணன் துபாயிலிருந்து லீவுக்கு வந்திருந்தான். கல்லிடைக்குறிச்சிக்கு வந்த மறுநாளே, "ஏட்டி, நம்ம கேம் சிடியெல்லாம் எங்க வச்சிருக்க?" என்றான். 2005-லிருந்து நாலு வருஷம் எங்கள் வீட்டு முன்னறையில் ஆறு கம்ப்யூட்டர் போட்டு இருவரும் பிரௌசிங் சென்டர் நடத்தினோம். சென்டரை மூடியபோது சிடிகளை ஓர் அப்பளப் பெட்டியில் அடுக்கி நான்தான் பரணில் ஏற்றினேன். ஒன்றிலும் கீறல் இல்லை.

அண்ணன் லேப்டாப்பில் இருப்பது விண்டோஸ் 11. திருநெல்வேலி ஜங்ஷன் போய் யுஎஸ்பி சிடி டிரைவ் வாங்கி வந்தோம். ஒரு கேம்கூட முதல் தடவையில் திறக்கவில்லை. மூன்று நாள் உட்கார்ந்து ஒவ்வொன்றாகச் சரிசெய்தோம். அதில் கற்றுக்கொண்டதைச் சொல்கிறேன்.

பிழைச் செய்தி வந்தால் படிக்காமல் ஓகே அழுத்தாதீர்கள். போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். அதில் இருக்கும் கோப்பின் பெயரும் எண்ணும்தான் எங்கே தேடவேண்டும் என்று காட்டும். சில கேம்கள் எதுவும் சொல்லாமல் மூடிக்கொள்ளும். அப்போது, நடந்த பிழைகளை விண்டோஸ் பதிந்துவைக்கும் ஈவன்ட் வியூவரைத் திறந்து, விண்டோஸ் லாக்ஸ், அதற்குள் அப்ளிகேஷன் போய்ப் பாருங்கள். சிவப்புக் குறியோடு இருக்கும் வரியில் 'ஃபால்ட்டிங் மாடியூல்' என்று ஒரு பெயர் இருக்கும். அது டிடிரா, டி3டி8 மாதிரி இருந்தால் பெரும்பாலும் திரை சம்பந்தப்பட்ட சிக்கல்.

இன்னொன்று, கேமை புரோகிராம் ஃபைல்ஸ் கோப்புறைக்குள் நிறுவ வேண்டாம். பழைய கேம்கள் தங்கள் கோப்புறைக்குள்ளேயே சேவ் (ஆட்டம் எதுவரை வந்தது என்ற பதிவு) எழுதும். விஸ்டா காலத்திலிருந்து விண்டோஸ் அங்கே எழுத விடுவதில்லை. சி டிரைவில் 'கேம்ஸ்' என்று தனிக் கோப்புறை போட்டாலே பாதித் தொல்லை குறையும்.

எங்களை அதிகம் படுத்தியது ஜிடிஏ வைஸ் சிட்டி கேம், 2003-இல் கம்ப்யூட்டருக்கு வந்தது. 640x480 வீடியோ மோட் கிடைக்கவில்லை என்றது. கேமைத் திறக்கும் எக்ஸ்இ கோப்பில் ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், கம்பாட்டிபிலிட்டி. அங்கே எக்ஸ்பி சர்வீஸ் பேக் 3 தேர்ந்தெடுத்து, 'ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்' டிக் செய்ததும் திறந்தது. ஆனால் உள்ளே மவுஸ் அசையவில்லை! டாக்குமென்ட்ஸில் 'ஜிடிஏ வைஸ் சிட்டி யூசர் ஃபைல்ஸ்' கோப்புறைக்குள் 'ஜிடிஏ_விசி.செட்' என்ற கோப்பு இருக்கும். அமைப்புகள் மட்டும் உள்ள கோப்பு அது, நீக்கினால் சேவ் போகாது. அதை அழித்துவிட்டு மறுபடி திறந்ததும் மவுஸ் ஓடியது. அண்ணன் அன்று ராத்திரி சாப்பிட எழுந்து வரவேயில்லை.

ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2, 1999-இல் வந்தது, முதலில் டைரக்ட்பிளே என்ற பழைய விண்டோஸ் வசதியைக் கேட்டது. கன்ட்ரோல் பேனலில் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் திறந்து, 'லெகசி காம்போனென்ட்ஸ்' என்பதன் கீழ் டைரக்ட்பிளேயை டிக் செய்யுங்கள். அப்புறம் புல் சிவப்பாகவும் தண்ணீர் கத்தரிப்பூ நிறத்திலும் தெரிந்தது. 256 நிற கேம்களை இன்றைய விண்டோஸ் சரியாகக் கையாளாததால் வரும் கோளாறு. சிஎன்சி-டிடிரா என்ற இலவசக் கருவியின் கோப்புகளைக் கேம் கோப்புறைக்குள் போட்டதும் நிறம் சரியானது. முப்பரிமாண கேம்களுக்கு டிஜிவூடூ2 என்ற கருவி. அதன் 'எம்எஸ்' கோப்புறைக்குள் எக்ஸ்86-இல் இருக்கும் டிஎல்எல் எனும் துணைக் கோப்புகளைக் கேமின் எக்ஸ்இ இருக்கும் இடத்தில் வையுங்கள்.

'டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் காணோம்' என்று வந்தால், அந்த ஒரு கோப்பை மட்டும் எங்கிருந்தோ இறக்கிப் போடுவது ஆபத்து. வைரஸ் வரலாம், 64-பிட் கோப்பு தவறி வந்துவிட்டால் 0எக்ஸ்சி000007பி என்ற புதுப் பிழை கிளம்பும். கேம்களின் படத்துக்கும் ஒலிக்கும் வேண்டிய மைக்ரோசாஃப்டின் டைரக்ட்எக்ஸ் மென்பொருளில் ஜூன் 2010 தொகுப்பை நிறுவுங்கள். விண்டோஸ் 11-இல் டைரக்ட்எக்ஸ் 12 இருந்தாலும் இந்த டி3டிஎக்ஸ்9 கோப்புகள் அதோடு வருவதில்லை. தொகுப்பைத் திறந்தால் கோப்புகள் பிரியும், அவ்வளவுதான். பிரிந்த கோப்புறைக்குள் இருக்கும் டிஎக்ஸ்செட்டப்பை நாம்தான் ஓட்டவேண்டும். பலரும் இங்கேதான் விட்டுவிடுகிறார்கள்.

டேஞ்சரஸ் டேவ் மாதிரி, விண்டோஸுக்கு முந்தைய டாஸ் கேம்களை 64-பிட் விண்டோஸ் ஓட்டவே ஓட்டாது. 16-பிட் வசதியே அதில் கிடையாது. எந்த அமைப்பை மாற்றியும் பயனில்லை. டாஸ் கம்ப்யூட்டர் போலவே நடிக்கும் டாஸ்பாக்ஸ் என்ற மென்பொருளை நிறுவி, கேமின் எக்ஸ்இ-யை இழுத்து அதன் ஐகான் மேல் விட்டால் போதும்.

கடைசியாக, நகல் எடுப்பதைத் தடுக்கும் சேஃப்டிஸ்க் பாதுகாப்பு உள்ள அசல் சிடிகள். அதற்கு வேண்டிய டிரைவரை 2015-இல் விண்டோஸ் 10 வந்தபோதே மைக்ரோசாஃப்ட் நீக்கிவிட்டது. அந்த கேம் ஜிஓஜி மாதிரி இணையக் கடையில் விற்பனைக்கு இருந்தால் வாங்கிவிடுங்கள், நிம்மதி. எங்கள் சிடிகளில் இரண்டு அப்படி மாட்டின. சென்டரின் ஆறு கம்ப்யூட்டரில் ஒன்றை நான் விற்காமல் எக்ஸ்பியோடு வைத்திருந்தேன். வாட்ச் கடையில் சிஆர்2032 பேட்டரி வாங்கி மதர்போர்டில் மாற்றியதும் உயிர் வந்தது. இரண்டும் அதில் ஓடுகின்றன. நெட் இணைப்பு மட்டும் கொடுக்கவில்லை. எக்ஸ்பிக்குப் பாதுகாப்பு அப்டேட் 2014 ஏப்ரலோடு நின்றுவிட்டது.