விரல் சொடுக்கும் நேரத்துக்குள் ஒரு மாயவித்தை: மாயக்கதை எழுதத் தொடங்குவோருக்கு

நான் முதலில் எழுதிய மாயக்கதையில் நாயகன் விரலைச் சொடுக்குவான், கோட்டைக் கதவு பெயர்ந்து விழும். படித்துவிட்டு என் தங்கை ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள்: "அண்ணா, இதை இவன் முதல் அத்தியாயத்திலேயே செய்திருக்கலாமே?" என்னிடம் பதில் இல்லை. கதையும் அத்தோடு நின்றது. கையசைவுக்கு அளவும் கூலியும் வைக்காமல் விட்டதுதான் பிழை. அடுத்த கதையில் இரண்டுக்கும் காலத்தையே வைத்தேன். செய்த வரிசையிலேயே சொல்கிறேன்.

படி 1: காலத்துக்கு ஓர் அளவு

வெளியே தேடி அலைய வேண்டாம். நம் இலக்கணமே காலத்தைக் கையால் அளந்திருக்கிறது. மாத்திரை என்னும் ஒலியளவுக்குத் தொல்காப்பியம் காட்டுவது கண் இமைக்கும் நேரம், அல்லது விரல் நொடிக்கும் நேரம். 'ஒரு நொடி பொறு' என்கிறோமே, அந்த நொடி ஒரு கையசைவின் பெயர். பழைய நூற்பா ஒன்று அந்தச் சொடுக்கையும் நான்காகப் பிரிக்கிறது: நொடிக்க நினைப்பது கால் மாத்திரை, விரலை விரல்மேல் ஊன்றுவது அரை, முறுக்குவது முக்கால், விடுப்பது ஒன்று.

இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. முறுக்கிய விரலை விடாமலே வைத்திருந்தால்? முக்காலுக்கும் ஒன்றுக்கும் நடுவே காலம் மாட்டிக்கொள்ளும் அல்லவா? முதல் மாயம் அப்படித்தான் கிடைத்தது. விரல் முறுகி நிற்கும் வரை சுற்றிலும் எதுவும் அசையாது. விரல் வலிக்கும், வியர்வையில் வழுக்கும். எவ்வளவு நேரம் நிறுத்தலாம் என்று தனியாக ஒரு விதி எழுத வேண்டியிருக்கவில்லை.

படி 2: கைகளைத் தேர்ந்தெடுத்தல்

அபிநய தர்ப்பணம் என்னும் வடமொழி நாட்டிய நூல் ஒற்றைக்கை முத்திரைகள் 28 சொல்கிறது. சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்குநல்லார் ஒற்றைக்கையான பிண்டி 33, இரட்டைக்கையான பிணையல் 15 என்று விரிக்கிறார். அத்தனையையும் கதைக்குள் இறக்கினால் வாசகர் எழுந்து போய்விடுவார். நான் எடுத்தவை இரண்டு. முகுலம், ஐந்து விரல் நுனியும் கூடிய மொட்டு. அலபத்மம், விரல்கள் சுழன்று விரிந்த தாமரை. மொட்டு மலர்ந்தால் தொட்ட பொருளுக்குக் காலம் முன்னே ஓடும், மாம்பூ பழமாகும். மலர் கூம்பினால் பின்னே போகும். உடைந்த பானை ஒட்டிக்கொள்ளும். பூசை முத்திரைகளை நான் தொடவில்லை. அவற்றை நம்பிச் செய்பவர்கள் இருக்கிறார்கள்.

படி 3: எண்ணிக்கை

வலக்கை மாயம் செய்யும்போது இடக்கை தொடையில் தாளம் போட வேண்டும். ஆதி தாளமே போதும்: ஒரு தட்டு, சுண்டுவிரல், மோதிரவிரல், நடுவிரல், பிறகு தட்டு, வீச்சு, தட்டு, வீச்சு. இந்த எட்டு எண்ணிக்கையும் (எட்டு அட்சரம்) சேர்ந்தது தாளத்தின் ஒரு முழுச் சுற்று, அதாவது ஓர் ஆவர்த்தனம். ஓர் ஆவர்த்தனத்துக்கு ஒரு மாதம் என்று வைத்தேன். மாம்பூ பழமாக நான்கு ஆவர்த்தனம். கவனம் பிசகி ஐந்தாவதையும் போட்டால் பழம் அழுகிவிடும்.

இந்த விதி நான் எதிர்பார்க்காத இடத்தில் எல்லாம் உதவியது. இரண்டு கையும் வேலையில் இருப்பதால் மாயக்காரியால் வாள் பிடிக்க முடியாது, ஓடவும் முடியாது. இருமல் வந்தாலே தாளம் தப்பும். அவளை வெல்ல எதிரிக்குப் படையே வேண்டாம். பக்கத்தில் ஒருவனை உட்கார்த்தி ஏழு எண்ணிக்கையில் பறை கொட்டச் சொன்னால் போதும்.

படி 4: கூலி

பழத்துக்குக் கொடுத்த நான்கு மாதமும் வலக்கையின் வயதில் ஏறும். கையில் மட்டும். என் நாயகியின் அத்தைக்கு நாற்பது வயது. வலக்கைக்குத் தொண்ணூறு, சோறு பிசைய முடியாமல் நடுங்கும். அவளைப் பந்தியில் உட்கார்த்தி ஒரு கவளம் உண்ண வைத்தேன், கூலியைப் பற்றி வேறு எதுவும் எழுதவில்லை.

காலத்தைப் பின்னே தள்ளினால் கை இளமையாகும் என்றுதான் முதலில் எழுதினேன். பிறகு அடித்துவிட்டேன். ஒரு பழம், ஒரு பானை என்று மாற்றி மாற்றிச் செய்து கணக்கை நேர்செய்துவிடுவார்களே! என் தங்கை விடுவாளா? எந்தப் பக்கம் தள்ளினாலும் வயது ஏறத்தான் செய்யும்.

படி 5: பலிக்காத பொழுது

ஒரு நாளை நம் இலக்கணம் பிரிக்கும் சிறுபொழுது ஆறு, ஒவ்வொன்றும் 10 நாழிகை, அதாவது 4 மணி நேரம். யாமத்தில், இரவு 10 முதல் 2 வரை, எதுவும் பலிக்காது என்று வைத்தேன். ஆபத்தை அந்த நேரத்தில் அனுப்புவது உங்கள் வேலை.

படி 6: செய்து பார்த்தல்

கதவைச் சாத்திக்கொள்ளுங்கள். இடக்கையில் தாளம் போட்டபடி வலக்கையை மொட்டிலிருந்து மெல்ல மலர்த்துங்கள். எட்டாவது எண்ணிக்கையில் முழுதாக விரிந்திருக்க வேண்டும். எனக்கு ஆறிலேயே இடக்கையும் சேர்ந்து விரியத் தொடங்கியது. நான்கு நாள் பழகியும் அப்படியேதான். சலித்துப்போய் அந்தத் தவறை நாயகியிடம் கொடுத்துவிட்டேன். முதல் பாடத்தில் அவள் வலக்கையால் தொட்டது கொய்யாப் பிஞ்சை. அது பழுத்தது. இடக்கைப் பக்கம் மடியில் உறங்கிக்கொண்டிருந்த பூனைக்குட்டி, கிழப்பூனையாக எழுந்து சோம்பல் முறித்தது.