அத்தைக்கு மீசை முளைத்தால்? ‘ஹைப்போதெட்டிகல்’ விளையாட்டை வீட்டில் ஆடுவது எப்படி

வீண் பேச்சு ஒன்றை முடித்துவைக்க வேண்டுமென்றால் “அத்தைக்கு மீசை முளைத்தால் சித்தப்பா” என்று சொல்லிவிடுவோம். நடக்காததைப் பற்றி என்ன பேச்சு, போய் வேலையைப் பார் என்று அர்த்தம். பிரிட்டனில் ஒரு டிவி நிகழ்ச்சி சரியாக அந்த இடத்தில்தான் ஆரம்பிக்கும். சரி, மீசை முளைத்துவிட்டது. நாளைக் காலையில் ஏர்போர்ட்டில் பாஸ்போர்ட்டை நீட்டும்போது அத்தை என்ன சொல்லிச் சமாளிப்பார்?

அந்த நிகழ்ச்சியின் பெயர் ‘ஹைப்போதெட்டிகல்’, அதாவது ‘ஒருவேளை இப்படி நடந்தால்’. 2019 முதல் 2022 வரை நான்கு சீசன்கள் வந்தன. ஒளிபரப்பிய சேனலுக்கு அப்போது பெயர் டேவ். ஆமாம், டேவிட்டைச் சுருக்கிக் கூப்பிடும் அந்த டேவ்தான். 2007-இல் இந்தப் பெயரை வைத்தபோது, எல்லோருக்கும் டேவ் என்று ஒருத்தனையாவது தெரிந்திருக்கும் என்பதுதான் அவர்கள் சொன்ன காரணம். ஜோஷ் விடிகோம், ஜேம்ஸ் அகாஸ்டர் என்ற இரண்டு காமெடியன்கள் நடத்துவார்கள். நான்கு காமெடியன்கள் விருந்தாளிகளாக வந்து உட்காருவார்கள். அபத்தமான ஒரு நிலைமையை ஜோஷ் முன்வைப்பார். அந்த நிலைமைக்கான சட்டதிட்டம் ஜேம்ஸ் கையில். யார் எப்படிச் சமாளித்தார்கள் என்று பார்த்து மார்க் போடுவதும் அவர்தான்.

லண்டனில் நாங்கள் ஐந்து பேர் ஒரு வீட்டைப் பகிர்ந்து வாடகைக்கு இருக்கிறோம். குளிர்காலத்தில் நாலு மணிக்கே இருட்டிவிடும், வெளியே போக மனசு வராது. அப்படித்தான் இந்த விளையாட்டைப் பிடித்துக்கொண்டோம். முதல் இரண்டு முறை படுதோல்வி. யாரும் சிரிக்கவில்லை, ஒருவர் பாதியில் எழுந்து துணி துவைக்கப் போய்விட்டார். எங்கே தப்பு செய்தோம் என்று புரிந்த பிறகு எழுதியதுதான் இது.

படி 1: ஆட்களைப் பிரியுங்கள்

மொத்தம் ஐந்து அல்லது ஆறு பேர் போதும். ஒருவர் நிலைமையை வாசிப்பவர், ஒருவர் நடுவர், மற்றவர்கள் ஆட்டக்காரர்கள். ஆள் குறைவாக இருந்தால் வாசிப்பவரையும் நடுவரையும் ஒருவராக்கிவிடத் தோன்றும். செய்யாதீர்கள். வாசிப்பவர் நல்லவராக இருக்கவேண்டும், “அட, இது நல்லா இருக்கே” என்று ஆட்டக்காரர்களைத் தட்டிக்கொடுக்க வேண்டும். நடுவர் அப்படியே எதிர். நிகழ்ச்சியிலும் ஜோஷ் கலகலப்பாக ஓட்டிக்கொண்டிருப்பார், ஜேம்ஸ் ஏதோ ஹைகோர்ட் தீர்ப்பு வாசிப்பதுபோல முகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். இரண்டையும் ஒரே ஆள் செய்தால் இரண்டுமே பாதிப் பாதிதான் வரும்.

படி 2: நிலைமையை எழுதுங்கள்

ஆட்டத்தின் பாதி உயிர் இங்கே இருக்கிறது. நாங்கள் கற்றுக்கொண்ட ஒரே விதி இது: பொய் ஒன்றே ஒன்றுதான் இருக்கவேண்டும், மீதி எல்லாம் நிஜம்.

முதல் நாள் நான் எழுதிக்கொண்டு போனது: “உங்களுக்குப் பறக்கும் சக்தி கிடைத்திருக்கிறது, கண்ணுக்குத் தெரியாமல் மறையவும் முடியும், உலகத்தை வேற்றுக்கிரகவாசிகளிடமிருந்து காப்பாற்றுங்கள்.” கேட்கும்போது பெரிதாகத்தான் இருந்தது. ஆனால் எதைக் கேட்டாலும் “பறந்து போயிடுவேன்”, “மறைஞ்சிடுவேன்” என்றுதான் பதில் வந்தது. எல்லாமே முடியும் என்றால் எதையும் யோசிக்க வேண்டியதில்லை. தலை சுற்றுகிற அளவுக்குப் பெரிய கற்பனை ஆட்டக்காரர்களைச் சோம்பேறியாக்கிவிடும்.

நல்ல நிலைமையில் மூன்று சங்கதி இருக்கவேண்டும். முதலாவது, வீட்டோடு வாசலோடு சம்பந்தப்பட்ட ஒரு சாதாரண இடம். பக்கத்து வீடு, ஆபீஸ், ரயில், கல்யாண மண்டபம், எதுவானாலும் சரி. இரண்டாவது, அங்கே நடக்கக்கூடாத ஒரே ஒரு விஷயம். மூன்றாவது, ஒரு கெடு, ஒரு பரிசு. பரிசுத் தொகை பெரிதாகவே இருக்கட்டும். நாங்கள் எப்போதும் 10 லட்சம் பவுண்டு வைப்போம். பணம் இல்லையென்றால் “நான் ஏன் இதைச் செய்யணும்?” என்று கேட்டே ஒருவர் பத்து நிமிடத்தை ஓட்டிவிடுவார்.

இதுவா அதுவா என்று இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொல்லும் கேள்வியாக எழுதிவிடாதீர்கள். “காலெல்லாம் கையாக மாறணுமா, கையெல்லாம் காலாக மாறணுமா?” என்று கேட்டால் ஒரு வார்த்தையில் பதில் வந்துவிடும், அப்புறம் எல்லோரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியதுதான். “என்ன செய்வீர்கள்?”, “எப்படிச் சமாளிப்பீர்கள்?” என்று முடிகிற மாதிரி எழுதுங்கள்.

படி 3: நடுவர் பிடித்த முயலுக்கு மூன்றே கால்

இதைப் புரிந்துகொள்ளத்தான் எங்களுக்கு அதிக நாள் பிடித்தது. சிரிப்பு நிலைமையிலிருந்து வருவதாக நினைத்துக்கொண்டிருந்தோம். பாதிக்கு மேல் நடுவரின் பிடிவாதத்திலிருந்துதான் வருகிறது.

ஆட்டக்காரர் ஒரு சந்தேகம் கேட்டால் நடுவர் உடனே, யோசித்த மாதிரியே தெரியாமல் பதில் சொல்லவேண்டும். சொன்னது சொன்னதுதான். இரண்டு நிமிடம் கழித்து அந்தப் பதில் தனக்கே இடைஞ்சலாக வந்து நின்றாலும் மாற்றக்கூடாது. “தெரியலையே”, “உங்க இஷ்டம்” இரண்டும் அறவே ஆகாது. நடுவர் ஒரு முறை உங்கள் இஷ்டம் என்று சொல்லிவிட்டால் அந்த உலகம் அங்கேயே இடிந்து விழுந்துவிடும்.

ஆனால் கழுத்தைப் பிடித்து நெரிப்பதும் நடுவர் வேலை இல்லை. ஒரு கதவை மூடினால் இன்னொரு ஜன்னல் திறந்திருக்க வேண்டும். எங்கள் வீட்டில் ஒரு தம்பி நடுவராக உட்கார்ந்தால் எல்லாக் கேள்விக்கும் “முடியாது” என்று மட்டும் சொல்வான். அது நடுவர் இல்லை, விசா ஆபீசர்.

இங்கே ஒரு சின்னக் கிளைக்கதை. சட்டத்தை வைத்தே சிரிக்கவைப்பது பிரிட்டிஷ்காரர்களுக்குப் பழைய பழக்கம். பிபிசி ரேடியோ 4-இல் 1972 முதல் ஒரு நிகழ்ச்சி ஓடுகிறது, அதில் ‘மார்னிங்டன் கிரசன்ட்’ என்று ஒரு ஆட்டம். ஆளாளுக்கு லண்டனின் ரயில் நிலையங்கள், தெருக்களின் பெயரைச் சொல்லிக்கொண்டே போவார்கள். யார் முதலில் மார்னிங்டன் கிரசன்ட் என்று சொல்கிறாரோ அவர் ஜெயித்தார். ரொம்பச் சிக்கலான விதிகள் இருப்பதுபோல் விவாதிப்பார்கள், உண்மையில் விதியே கிடையாது. 1992-இல் மூடிய மார்னிங்டன் கிரசன்ட் ரயில் நிலையத்தை 1998-இல் திரும்பத் திறந்தபோது, திறந்துவைக்க அந்த ரேடியோ நிகழ்ச்சிக்காரர்களையே கூப்பிட்டார்கள். அங்கே இல்லாத விதியை இருப்பதாக நடிக்கிறார்கள். நம் ஆட்டத்திலோ அந்தக் கணத்தில் பிறக்கும் விதியை எல்லோரும் கடைசி வரை மதித்தாக வேண்டும்.

படி 4: பதிலுக்கு முன்னால் கேள்வி

புதிதாக ஆடுபவர்கள் நிலைமையைக் கேட்டதும் பதில் சொல்லப் பாய்வார்கள். பொறுங்கள். முதல் மூன்று நிமிடம் கேள்விகளுக்கு மட்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் நடந்த ஒன்றை அப்படியே தருகிறேன்.

நிலைமை: “பக்கத்து வீட்டுக்காரர் தன் ஆமையை இரண்டு நாள் பார்த்துக்கொள்ளச் சொல்லி உங்களிடம் கொடுத்தார். அது செத்துவிட்டது. இன்னும் 20 நிமிடத்தில் அவர் வந்துவிடுவார். ஒரு வருடத்துக்கு அது உயிரோடு இருப்பதாக அவரை நம்பவைத்தால் 10 லட்சம் பவுண்டு.”

பொய் ஒன்றே ஒன்றுதான், அந்தப் பரிசு. மீதி யாருக்கும் நடக்கக்கூடியது. நாய் என்றால் ஒரு மணி நேரம்கூட ஓட்டமுடியாது. ஆமை என்றால் ஒரு நப்பாசை வரும்.

முதல் ஆள் பட்டென்று சொன்னான்: “அதே மாதிரி வேற ஆமை வாங்கி வச்சிடுவேன்.”

நடுவர்: “ஓட்டுல நெயில் பாலிஷ்ல ஒரு நட்சத்திரம் போட்டிருக்கு. 30 வருஷத்துக்கு முன்னாடி அவரோட அம்மா போட்டது.”

“நானும் போடுவேன்.”

“அவர் தினமும் அதைத் தடவிப் பார்ப்பார். அம்மா ஞாபகம்.”

அவன் அடங்கிவிட்டான். அதற்கு அடுத்தவர், ஓட்டுக்குள் ரிமோட் காரை வைத்து ஓட்டுவேன் என்றார். மோட்டார் சத்தம் வருமே என்று நடுவர் கேட்டதற்கு, ஆமைக்குச் சளி என்று சொல்லிக்கொள்வாராம். அதற்குக் கொஞ்சம் சிரித்தோம். அப்புறம்தான் யாழ்ப்பாணத்து அக்கா வாயைத் திறந்தார். இங்கே நர்ஸாக இருக்கிறார், அவசரப்பட மாட்டார்.

“தம்பி, இப்ப என்ன மாதம்?”

நடுவர் இதை எதிர்பார்க்கவில்லை. “அக்டோபர் கடைசி.”

“அப்ப பிரச்சினை இல்லை. ஃப்ரிட்ஜுக்குள்ள வைப்பன்.”

எல்லோரும் சிரித்தோம், அக்கா சிரிக்கவில்லை. பிரிட்டனில் ஆமை வளர்க்கிறவர்களில் நிறையப் பேர் குளிர்காலத்தில் அதைத் தூங்கவைக்க ஃப்ரிட்ஜில்தான் வைக்கிறார்கள், 5 டிகிரியில். அவர் வார்டில் ஒரு வயதான அம்மா சொல்லித் தெரியுமாம். நாங்கள் போனை எடுத்துத் தேடினோம். உண்மைதான். ஆக, மார்ச் வரை ஆமை அசையாமல் கிடந்தால் அதுதான் ஆரோக்கியம்!

நடுவர் விடவில்லை. போனில் படித்ததையே திருப்பிப் பிடித்தார். “அப்படி வைக்கிறவங்க அடிக்கடி எடுத்து எடை பார்க்கணும்னு போட்டிருக்கு. அவர் ஞாயித்துக்கிழமை தராசோட வருவார். தூங்குற ஆமைக்கு எடை கொஞ்சம் கொஞ்சமாத்தான் குறையும். உங்க ஆமைக்குக் கணக்கு இடிக்குமே?”

“ஓட்டுக்குள்ள அரிசி போட்டு வைப்பன். கிழமைக்குக் கிழமை ஒரு சிட்டிகை எடுப்பன்.”

இந்த அரிசிக்கு நாங்கள் சிரித்த சிரிப்பில் மேல்வீட்டுக்காரர் தரையைத் தட்டினார்.

கவனித்தீர்களா? அக்கா கற்பனையை இன்னும் பெரிதாக்கவில்லை. மாதத்தைக் கேட்டார், தெரிந்த ஒரு நிஜத்தைக் கொண்டுவந்து அதன்மேல் வைத்தார். ரிமோட் காரும் வேடிக்கைதான், ஆனால் அது எங்கே வேண்டுமானாலும் ஓடும். அரிசி அந்த ஆமைக்கு மட்டும்தான் பொருந்தும்.

நல்ல கேள்விகளுக்கு ஒரு சின்ன வழி: எப்போது, எங்கே, யார் பார்க்கிறார்கள், யாரிடம் சொல்லலாம். இந்த நாலையும் கேட்டுவிட்டால் எங்கேயாவது ஓர் ஓட்டை கிடைக்கும்.

படி 5: மார்க்

பத்துக்குப் போடுங்கள், காரணத்தோடு போடுங்கள். பிரிட்டிஷ் பேனல் நிகழ்ச்சிகளில் மார்க் பெரும்பாலும் ஒப்புக்குத்தான். ‘க்யூஐ’ என்ற வினாடி வினா நிகழ்ச்சியில் மைனஸில் முடிப்பவர்கள்கூட உண்டு, யாரும் கவலைப்பட மாட்டார்கள். வீட்டில் அப்படி இல்லை. அக்காவுக்கு நடுவர் கொடுத்தது 7. மார்ச் மாதம் ஆமை எழுந்திருக்காதே, ஒரு வருடம் முடிய இன்னும் ஏழு மாதம் பாக்கி என்று காரணம் சொன்னார். அக்கா அந்த மூன்று மார்க்குக்காக ஒரு வாரம் சண்டை போட்டார், அந்த ஒரு வாரமும் அவர் கையால் எங்களுக்குப் புட்டு கிடைக்கவில்லை.

படி 6: ஒரு சுற்றாவது எழுந்து நிற்கட்டும்

உட்கார்ந்தே பேசினால் ஒரு மணி நேரத்தில் சுதி இறங்கிவிடும். நடுவில் ஒரு சுற்றை நடித்துக் காட்டச் சொல்லுங்கள். ஆமைக் கதை என்றால், ஒருவர் பக்கத்து வீட்டுக்காரராகத் தராசோடு கதவைத் தட்டட்டும், ஒரு சப்பாத்திக் கல்லை ஆமையாக வைத்துக்கொள்ளுங்கள். நடிப்பு வராதவர்களை வற்புறுத்த வேண்டாம்.

வழக்கமாகச் சொதப்பும் இடங்கள்

கூட்டத்தில் இருக்கும் ஒருவரின் நிஜக் கஷ்டத்தை நிலைமையாக வைக்காதீர்கள். வேலை போனவர் இருக்கிறார், விசா இழுபறியில் இருப்பவர் இருக்கிறார். ஒரு தடவை தெரியாமல் வைத்துவிட்டோம், அந்த ராத்திரி அத்தோடு முடிந்தது.

ஒரே ஆள் பேசிக்கொண்டே போனால் வாசிப்பவர்தான் வெட்ட வேண்டும், நடுவர் இல்லை. ஒரு நிலைமைக்கு 15 நிமிடத்துக்கு மேல் வேண்டாம். ஒரு ராத்திரிக்கு நாலு நிலைமை போதும், ஐந்தாவதுக்குள் எல்லோருக்கும் பசி வந்துவிடும்.

இன்று ராத்திரியே ஆட மூன்று நிலைமைகள்

இவை நாங்கள் எழுதியவை, நிகழ்ச்சியில் வந்தவை அல்ல. மூன்றுக்கும் பரிசு அதே 10 லட்சம் பவுண்டு, கேள்வி “எப்படிச் சமாளிப்பீர்கள்?”

முதலாவது: ஒரு வருடம், நீங்கள் போகிற எல்லா அறைக்குள்ளும் ஒரு குதிரை கூடவே வரும். ஏன் என்று யாரிடமும் சொல்லக்கூடாது. நாளைக்கு உங்களுக்கு வேலைக்கான நேர்காணல். (நடுவருக்கு: ரயில் பெட்டியும் அறைதான், லிஃப்டும் அறைதான். சாணி அள்ளுவது ஆட்டக்காரர் பொறுப்பு.)

இரண்டாவது: தூரத்து உறவினர் கல்யாணத்தில், மாப்பிள்ளையின் பழைய வாத்தியார் என்று நினைத்து உங்களை மேடையேற்றி மைக்கைக் கையில் கொடுத்துவிட்டார்கள். மாப்பிள்ளையும் நம்பிவிட்டார். பத்து நிமிடம் பேசவேண்டும். (நடுவருக்கு: உண்மையான வாத்தியார் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். கேட்டால் மட்டும் சொல்லுங்கள்.)

மூன்றாவது: இனி ஆறு மாதம், நீங்கள் எந்தக் கதவைத் தட்டினாலும் உள்ளே இருப்பவர்கள் கைதட்டுவார்கள். நிறுத்தச் சொன்னாலும் ஒரு நிமிடத்துக்கு நிறுத்தமாட்டார்கள். பாத்ரூம் கதவும் கணக்கில் உண்டு. (நடுவருக்கு: காலிங் பெல் தட்டுவதாக ஆகாது. இந்த ஓட்டையை யாராவது கண்டுபிடித்தால் இரண்டு மார்க் கூட்டிக் கொடுத்துவிட்டு, அந்தத் தெருவில் இரண்டு நாளாகக் கரண்ட் இல்லை என்று சொல்லுங்கள்.)