பார்னி ஓல்ட்ஃபீல்டின் ஊமைப்படத்தைச் சரியாகப் பார்க்க

1903-இல் இண்டியானாபோலிஸில் ஒரு மைல் தூரத்தை ஒரு நிமிடத்துக்குள் காரில் சுற்றிக் காட்டியவர் அமெரிக்க ரேஸ் ஓட்டுநரான பார்னி ஓல்ட்ஃபீல்ட். பத்து வருடம் கழித்து, கீஸ்டோன் சினிமாக் கம்பெனியின் ‘பார்னி ஓல்ட்ஃபீல்ட்ஸ் ரேஸ் ஃபார் எ லைஃப்’ என்ற குறும்படத்தில் அவராகவே நடித்தார். வில்லன் கதாநாயகி மேபல் நார்மண்டைத் தண்டவாளத்தில் கட்டிப்போட, ரயிலை முந்திக்கொண்டு இவர் கார் பறக்கும். இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது.

நான் படத்தொகுப்பு வேலை பார்ப்பவன், அதனால் முதலில் வேகத்தைத்தான் சரிபார்ப்பேன். அந்தக் காலத்துக் கேமராவைக் கையால் சுற்றினார்கள். நொடிக்குச் சுமார் 16 பிரேம், அதாவது 16 தனிப்படங்கள். அதையே 24-இல் ஓட்டினால் எல்லாரும் துள்ளித் துள்ளி நடப்பார்கள். காரைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள், நடக்கிறவர்களின் கால்களைப் பாருங்கள். துள்ளினால் பிளேயரில் வேகத்தைச் சுமார் 0.67-க்கு இறக்குங்கள், அந்த அளவு இல்லாவிட்டால் 0.75-க்கு. சிரிப்புக்காக வேண்டுமென்றே வேகமாகத் தெரியும்படி எடுத்த துண்டுகளும் இருக்கும், அவற்றை அப்படியே விட்டுவிடலாம்.

அப்புறம், பின்னால் சேர்த்த பியானோவை நிறுத்திவிட்டு, கார் வரும் காட்சிகளை மட்டும் மறுபடி ஓட்டுங்கள். சீட் பெல்ட் இல்லை, ஹெல்மெட் இல்லை. ரயிலும் நிஜம், புழுதியும் நிஜம். வாயில் சுருட்டைக் கடித்தபடி ஓட்டுவது ரேஸிலும் அவர் வழக்கம். குலுங்கும்போது பற்கள் மோதாமல் இருக்க அது உதவியது.